காலை 6.10: இரண்டு இட்லி

என் பெயர் கிரேஸ். வயது 47. கணவர் பெயர் ஜெயராஜ். கும்மிடிப்பூண்டி ரெட்டம்பேடு சாலையில் வாடகை வீட்டில் குடியிருக்கிறேன். என் கணவர் இரும்பு ஆலை ஒன்றில் கிரேன் ஓட்டுகிறார். நான் நர்சிங் படித்துவிட்டு இருபத்தைந்து வருடமாக ஸ்டாஃப் நர்ஸாக வேலை பார்க்கிறேன். அதில் கடைசிப் பதினோரு வருடம் டாக்டர் ஆதிகேசவன் நடத்தும் இருபது படுக்கை நர்சிங் ஹோமில். என் மீது இதற்கு முன் எந்த வழக்கும் இல்லை. பஸ்ஸில் டிக்கெட் எடுக்காமல் போனதுகூட இல்லை.

இன்று திங்கட்கிழமை மாலை நான்கு மணிக்கு இந்தக் காவல் நிலையத்தில் சப்-இன்ஸ்பெக்டர் மணிகண்டன் அவர்கள் விசாரிக்க, நானாகவே இதைச் சொல்கிறேன். யாரும் என்னை மிரட்டவில்லை. நான்தான் அவரை அவசரப்படுத்திக்கொண்டிருக்கிறேன். நாளைக் காலை ஏழு மணிக்கு நர்மதா என்ற பெண்ணுக்கு, அவள் வேண்டாம் என்று சொன்ன பிறகும், கர்ப்பப்பையை எடுக்கப் போகிறார்கள். அதற்குள் இது யார் கண்ணிலாவது பட வேண்டும். நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன்.

தேர்வாய் கண்டிகைக்குப் பக்கத்துக் கிராமத்தில் சடையப்பன் என்பவர் சொந்த நிலத்தில் நெல் பயிரிடுகிறார். அவர் மனைவி பூவம்மாள் அங்குள்ள கம்பெனி ஒன்றின் கேன்டீனில் காலை ஷிஃப்டு வேலை செய்கிறார். மகன் சந்திரமோகனுக்கு வயது 27, வேறொரு கம்பெனியில் மெஷின் ஆபரேட்டர். மகள் நர்மதாவுக்கு வயது 20. நர்மதாவுக்கு மூளை வளர்ச்சி மந்தம். எட்டு வயதுப் பிள்ளைக்குத் தெரிவதுதான் தெரியும் என்று அவளுடைய சான்றிதழில் இருக்கிறது. சான்றிதழில் இல்லாதது என்னவென்றால், அவள் சோறு வடிப்பாள், ஆடு கட்டுவாள், ரோட்டில் எந்தக் கம்பெனி பஸ் வருகிறது என்று ஹாரனை வைத்தே சொல்வாள், மாதாமாதம் தன் துணியைத் தானே அலசிக் காயப்போடுவாள். இதை அவள் அம்மாவே என்னிடம் சொன்னார்.

கடந்த வெள்ளிக்கிழமை காலை பதினொரு மணிக்கு மேற்படி மூவரும் நர்மதாவை நர்சிங் ஹோமுக்கு அழைத்து வந்தார்கள். டாக்டர் அறையில் நான் உடனிருந்தேன். சந்திரமோகனுக்கு ஊத்துக்கோட்டைப் பக்கம் பெண் பார்த்திருப்பதாகவும், பெண் வீட்டார் வந்தபோது நர்மதாவைப் பார்த்துவிட்டு இது ரத்தத்தில் வருகிற கோளாறா என்று கேட்டதாகவும், நாளைக்கு இவளுக்கு ஒரு பிள்ளை பிறந்தால் அதையும் எங்கள் பெண்தான் தூக்கிச் சுமக்க வேண்டுமா என்று கேட்டதாகவும், அதற்கு ஒரு ஏற்பாடு செய்துவிட்டால் நிச்சயதார்த்தத் தேதி குறிக்கலாம் என்று சொல்லிப் போனதாகவும் சந்திரமோகன் சொன்னார். ஏற்பாடு என்றால் கர்ப்பப்பையை எடுத்துவிடுவது. இருபது வயதுப் பெண்ணுக்கு.

டாக்டர் நர்மதாவின் வயிற்றைத் தொட்டுப் பார்க்கவில்லை. ஸ்கேன் எழுதவில்லை. அவளிடம் ஒரு கேள்வி கேட்கவில்லை. "மாசாமாசம் தொந்தரவும் இருக்காது, உங்களுக்கு பயமும் இருக்காது. இந்த மாதிரி ஒரு வம்சம் இதோட நின்னா குடும்பத்துக்கும் நல்லது, ஊருக்கும் நல்லதுதானே" என்று சடையப்பனிடம் சொன்னார். சடையப்பன் படித்தவர் சொன்னால் தலையாட்டுகிறவர். தலையாட்டினார். அதன் பிறகு டாக்டர் என்னைப் பார்த்து, கேஸ் ஷீட்டில் அதிக ரத்தப்போக்கு என்று எழுதச் சொன்னார். நான் எழுதினேன். எனக்கு அது பொய் என்று தெரியும். என் கையெழுத்து அழகாக இருக்கும், எல்லோரும் சொல்வார்கள். அந்தப் பொய்யும் அழகாகத்தான் விழுந்தது.

எங்கள் நர்சிங் ஹோமில் ஒரு பழக்கம் உண்டு. நோயாளிக்கு என்ன என்று கேட்பதற்கு முன்பு 'கூட வந்தவங்க யாரு' என்று கேட்போம். சம்மதப் படிவத்தில் கூட வந்தவர்தான் கையெழுத்துப் போடுவார். பெண்களுக்குப் புருஷனோ அப்பாவோ போடுவார்கள். நானே ஆயிரம் பேருக்கு அப்படி வாங்கியிருக்கிறேன், ஒரு நாளும் உறுத்தியதில்லை. அன்று சந்திரமோகன் போட்டார். நோயாளிக்கு வயது பதினெட்டுக்கு மேல் என்பதால் அவள் ரேகையும் இருக்கட்டும் என்று டாக்டர் சொன்னார். நான் மை டப்பாவைத் திறந்து நீட்டினேன். நர்மதா என்னைப் பார்த்து, "எனுக்கு பேரு எழுதத் தெரியும் சிஸ்டர், பேனா குடு" என்றாள். டாக்டர், "ரேகையே போதும், நேரமாவுது" என்றார். நான் அவளுடைய பெருவிரலைப் பிடித்து மையில் அழுத்தி, படிவத்தில் அழுத்தினேன். அவள் மையைத் துணியில் துடைத்துக்கொண்டே, "இன்னாத்துக்கு இது?" என்று கேட்டாள். பூவம்மாள் சட்டென்று, "வயித்துல பூச்சி கீதுடி, எடுக்கப் போறாங்க" என்றார். நான் வாயைத் திறக்கவில்லை.

மறுநாள் சனிக்கிழமை காலை ஏழரை மணிக்கு ஆபரேஷன் குறிக்கப்பட்டது.

ரேகை வாங்கிக் கொடுத்த நீயே பிறகு ஏன் ஆபரேஷனைத் தடுக்கப் போனாய் என்று சப்-இன்ஸ்பெக்டர் கேட்கிறார். மூன்று காரணம் சொல்கிறேன். நடந்ததை மட்டும் சொல் என்கிறார். ஐயா, இவையும் நடந்தவைதான்.

முதல் காரணம் என் தாய் மாமன். அவருக்குப் பிறவியிலேயே காது கேட்காது, பேச்சும் வராது. எமர்ஜென்சி சமயத்தில், 1976-ல், பொன்னேரிப் பக்கம் குடும்பக் கட்டுப்பாட்டு ஆபரேஷன் முகாம் போட்டார்கள். ஆள் கணக்குக் காட்ட வேண்டிய ஒருவர், கல்யாணம்கூட ஆகாத என் மாமனை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார். அவருக்கு அப்போது வயது இருபத்து நான்கு. திரும்பி வரும்போது கையில் ஒரு பச்சை பிளாஸ்டிக் பக்கெட் இருந்தது. எதற்குக் கொடுத்தார்கள் என்று அவருக்குத் தெரியாது, பரிசு என்று நினைத்து எல்லோருக்கும் காட்டியிருக்கிறார். அதற்குப் பிறகு யாரும் அவருக்குப் பெண் கொடுக்கவில்லை. எங்கள் வீட்டில் அவருக்குப் பெயரே பக்கெட் மாமா. சின்ன வயதில் நானும் அப்படிக் கூப்பிட்டுச் சிரித்திருக்கிறேன். அவர் உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்வார், அவரும் சிரிப்பார்.

இரண்டாவது நான் படித்த பாடம். நர்சிங் இரண்டாம் வருடத்தில் எங்களுக்கு இதைப் பாடமாகவே வைத்திருந்தார்கள். நல்ல வித்து மட்டும் பெருக வேண்டும், மற்றது நிற்க வேண்டும் என்று நூறு வருடத்துக்கு முன்பு பெரிய பெரிய படிப்பாளிகள் பேசியதையும், அமெரிக்காவில் புத்தி குறைந்தவர்கள் என்று பட்டம் கட்டி ஆயிரக்கணக்கான பேருக்குக் கருத்தடை செய்ததையும், கோர்ட்டே அது சரி என்று சொன்னதையும், ஜெர்மனியில் அதற்குச் சட்டம் போட்டு லட்சக்கணக்கான பேருக்குச் செய்ததையும், பிறகு அவர்களில் பலரைக் கொன்றே போட்டதையும் படித்தோம். புத்தகத்தில் ஒரு படம் இருந்தது. வெள்ளைத் தொப்பி வைத்த நர்ஸுகள் நோயாளிகளைக் கைத்தாங்கலாக ஒரு பஸ்ஸில் ஏற்றுகிறார்கள். அந்த பஸ் திரும்பி வரும்போது காலியாக வரும். ஏற்றிவிட்ட நர்ஸுகள் பேய் பிசாசு இல்லை, எங்களைப் போலவே கை கழுவி, குறிப்பு எழுதி, டாக்டர் சொன்னதைச் செய்தவர்கள். நான் நர்சிங் சேர்வதற்கு இரண்டு வருடம் முன்னால் மகாராஷ்டிராவில் ஒரு விடுதியில் இருந்த மனவளர்ச்சி குன்றிய பெண்களுக்குச் சுத்தம் என்று சொல்லிக் கர்ப்பப்பையை எடுத்ததையும் பாடத்தோடு சேர்த்துச் சொன்னார்கள். பரீட்சையில் பத்து மார்க் கேள்வியாக வந்தது. எட்டு வாங்கினேன். அத்தோடு மறந்துவிட்டேன்.

மூன்றாவது கமலினி. ஐந்து வருடத்துக்கு முன்பு திருவள்ளூரில் கோவில் கைங்கரியம் செய்கிற ராமஸ்வாமி என்பவரும் அவர் மனைவி மரகதவல்லியும் தங்கள் மகள் கமலினியை எங்களிடம் அழைத்து வந்தார்கள். அவளும் நர்மதா மாதிரிதான், வயது பத்தொன்பது. அவளுக்கும் இதே ஆபரேஷன். அப்போதும் நான்தான் உடனிருந்தேன், அப்போதும் மை டப்பா என் கையில்தான் இருந்தது. போன வருடம் தை மாதம் திருவள்ளூரில் கோவிலுக்குப் பக்கத்துத் தெருவில் மரகதவல்லி அம்மாள் என்னை அடையாளம் கண்டு வீட்டுக்குக் கூப்பிட்டார். கமலினி ஓடி வந்து ஒரு மாதக் காலண்டரைக் காட்டினாள். முன்பெல்லாம் தனக்கு வருகிற நாளில் அதன் மேல் ஒரு ஸ்டிக்கர் பொட்டு ஒட்டுவாளாம், அம்மா கற்றுக்கொடுத்தது. "சிஸ்டர், எனக்கு எப்போ வரும்? பொட்டெல்லாம் அப்படியே இருக்கு" என்று கேட்டாள். பழைய பொட்டு அட்டைகளை ஒரு டப்பாவில் வைத்திருந்தாள். மரகதவல்லி அம்மாள் உள்ளே போய்விட்டு, என்னை வழியனுப்ப வாசலுக்கு வந்தபோது சொன்னார்: "அவ கேக்காத மாசமே இல்லேம்மா. நான் என்னத்தச் சொல்லுவேன்? நன்னாத்தான் பண்ணிண்டிருந்தா. நாங்கதான் பயந்துட்டோம்." நான் அங்கிருந்து பஸ் ஸ்டாண்டு வரை நடந்தே போனேன். பஸ் ஏறி உட்கார்ந்த பிறகு அழுதேன்.

அதற்குப் பிறகுதான் சட்டத்தைத் தேடிப் படித்தேன். 2016-ஆம் வருடத்து மாற்றுத்திறனாளிகள் சட்டத்தில், பிள்ளைப்பேறு இல்லாமல் போகிற எந்தச் சிகிச்சையையும் சம்பந்தப்பட்டவருக்கு விளக்கிச் சொல்லி, அவராக மனமொப்பிச் சம்மதிக்காமல் செய்யக் கூடாது என்று இருக்கிறது. கூட வந்தவரின் சம்மதம் என்று இல்லை. இதைப் படித்த பிறகும் வெள்ளிக்கிழமை நான் நர்மதாவின் விரலைப் பிடித்து அழுத்தினேன். பழக்க தோஷம் என்று சொல்லித் தப்பிக்க மாட்டேன். என் தப்பு.

சனிக்கிழமை காலை ஐந்தே முக்காலுக்கு வார்டுக்குப் போனேன். நர்மதா விழித்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். கட்டிலில் 'வாய்வழி எதுவும் கொடுக்கக் கூடாது' என்ற அட்டை தொங்கியது. பூவம்மாள் குளிக்கப் போயிருந்தார். நான் நர்மதாவின் பக்கத்தில் உட்கார்ந்து, அவளுக்குப் புரிகிற மாதிரி சொன்னேன். "பூச்சி எதுவும் இல்ல நர்மதா. உன் வயித்துக்குள்ள ஒரு பை இருக்கு. அதுலதான் குழந்தை வளரும், அதனாலதான் மாசாமாசம் உனக்கு வருது. அந்தப் பையை எடுக்கப் போறாங்க. எடுத்துட்டா அது வராது, குழந்தையும் எப்பவும் பொறக்காது. உனக்கு சம்மதமா?"

அவள் தன் வயிற்றைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். "எடுத்துட்டு திருப்பித் தருவாங்களா?"

"தர மாட்டாங்க."

"அப்போ வேணாம்."

இன்னொரு தடவை வேறு மாதிரி கேட்டுப் பார்த்தேன். "அதான் வேணாம்னு சொன்னேனே, காது கேக்கலியா?" என்று என்னைத் திட்டினாள். ஐயா, இருபத்தைந்து வருடத்தில் எத்தனையோ படித்தவர்களுக்கு ஆபரேஷனை விளக்கியிருக்கிறேன். திருப்பித் தருவார்களா என்று ஒருவர்கூடக் கேட்டதில்லை. கேட்க வேண்டிய ஒரே கேள்வி அதுதான்.

அதன் பிறகு என்ன செய்வது என்று எனக்குத் தெரியவில்லை. மணி ஆறு ஆகிவிட்டது. தியேட்டரில் விளக்குப் போட்டுவிட்டார்கள். டாக்டரிடம் சொன்னால் என்னை வெளியே அனுப்பிவிட்டு வேறு நர்ஸை வைத்து முடித்துவிடுவார். அப்போது என் கைப்பையில் டிபன் பாக்ஸ் இருந்தது. வயிற்றில் உணவு இருந்தால் மயக்க மருந்து கொடுக்க மாட்டார்கள். மயக்கத்தில் அது மேலே வந்து நுரையீரலுக்குள் போய்விட்டால் ஆள் செத்துப்போகலாம். அதனால்தான் அந்த அட்டை. நான் அட்டையைத் திருப்பிவிட்டு, டிபன் பாக்ஸைத் திறந்து அவளுக்கு இரண்டு இட்லி கொடுத்தேன். பசியோடு இருந்தாள். மிளகாய்ப் பொடி இல்லையா என்று கேட்டாள்.

இதை நான் மறைத்திருந்தால் அவள் உயிருக்கு ஆபத்து. ஆகவே உடனே கேஸ் ஷீட்டை எடுத்து, சிவப்பு மையில், 'காலை 6.10: இரண்டு இட்லி கொடுக்கப்பட்டது. நோயாளிக்கு ஆபரேஷன் விளக்கப்பட்டது. வேண்டாம் என்று இரண்டு முறை சொன்னார்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். திருடன் தன் வீட்டு விலாசத்தை எழுதி வைத்துவிட்டுப் போன மாதிரி என்று பிறகு என் கணவர் சொன்னார். வேறு வழி இல்லை. நான் நர்ஸ்.

ஏழேகால் மணிக்கு மயக்க மருந்து டாக்டர் வரத் சென்னையிலிருந்து காரில் வந்தார். ஷீட்டைப் படித்தார். முதல் வரியையும் படித்தார், அடுத்த வரியையும் படித்தார். நான் அவர் கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தேன். "சாப்பிட்டிருக்காங்க, இன்னிக்கு முடியாது, எனக்கு அடுத்த கேஸ் இருக்கு" என்று மட்டும் டாக்டர் ஆதிகேசவனிடம் சொல்லிவிட்டுப் போனார். நல்ல மனிதர்தான். ஆனால் அந்த இரண்டாவது வரியைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் நான் இன்று இங்கே உட்கார்ந்திருக்க மாட்டேன். அதன் பிறகு டாக்டர் ஆதிகேசவன் என் முன்னாலேயே அந்தப் பக்கத்தைக் கிழித்தார். திங்கட்கிழமை காலை ஆறு மணிக்கு வெறும் வயிற்றோடு வரும்படி சொல்லி அவர்களை வீட்டுக்கு அனுப்பினார். என்னை இனிமேல் வேலைக்கு வர வேண்டாம் என்றார்.

நேற்று ஞாயிற்றுக்கிழமை ஆராதனைக்குப் போகாமல், பகல் பன்னிரண்டு மணிக்கு நான் மட்டும் சடையப்பன் வீட்டுக்குப் போனேன். நால்வரும் இருந்தார்கள். நான் சட்டத்தைச் சொன்னேன், கமலினியைப் பற்றிச் சொன்னேன். சந்திரமோகன், "நீ யாரு எங்க ஊட்டு விசயத்துல? உன்னாலதான் ரெண்டு நாளு தள்ளிப்போச்சு" என்று எழுந்தார். பூவம்மாள் அவரைத் தடுத்துவிட்டு என்னிடம் பேசினார்.

"அஞ்சு மணிக்கே நான் ஷிஃப்டுக்கு போய்க்கினு கீறேன். அவுரு கழனிக்கு போயிடுவாரு. இது ஒண்டியா ஊட்ல கீது. எவனாச்சும் வந்து எதனா பண்ணிட்டு போயிட்டா, நாளிக்கு வயித்த தள்ளிக்கினு நின்னா, ஊரு யார காறித் துப்பும்? என்னத்தானே? நீ வந்து பாத்துப்பியா?"

அவர் பயம் பொய் இல்லை. எனக்கும் மகள் இருக்கிறாள், அவளை வைத்து நினைத்துப் பார்த்தாலும் அதே பயம்தான். ஆனாலும் சொன்னேன்: "ஆபரேஷன் பண்ணா எவனும் வராம இருப்பானாம்மா? இன்னும் தைரியமா வருவான். வயிறு காட்டிக்கொடுக்காதுன்னு அவனுக்கும் தெரிஞ்சிபோவும். இது உங்க பொண்ணக் காப்பாத்தல, அவனக் காப்பாத்துது."

பூவம்மாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். சடையப்பன், "டாக்டரு படிச்சவரு. எங்கள வேணும்னு கெடுப்பாராம்மா?" என்று கேட்டார். படித்தவர்கள் கெடுத்ததைத்தான் நான் பாடமாகவே படித்தேன் என்று அவரிடம் எப்படிச் சொல்வது? நர்மதா அவர் பக்கத்தில் உட்கார்ந்து, "நைனா, எனுக்கு வேணாம் நைனா" என்றாள். அதை யாரும் கேட்டதாகவே காட்டிக்கொள்ளவில்லை. மின்விசிறி ஓடுகிற சத்தத்தைக் கேட்பது மாதிரி இருந்தார்கள்.

இன்று திங்கட்கிழமை, மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர்க்கும் நாள். நேரில் மனு கொடுத்தால் மாற்றுத்திறனாளிகள் நல அதிகாரியும் அங்கேயே இருப்பார், நர்மதாவையே நேரில் கேட்கச் சொல்லலாம் என்று நினைத்தேன். மனுவை நேற்று மாலையே எழுதிவிட்டேன். இன்று காலை ஆறு மணிக்கு யூனிஃபார்ம் போட்டுக்கொண்டு நர்சிங் ஹோமுக்குப் போனேன். என்னை நிறுத்திய விஷயம் வாசலில் இருப்பவருக்குத் தெரியாது. சடையப்பனும் சந்திரமோகனும் அட்மிஷன் கவுண்டரில் நின்றார்கள். ரத்தம் எடுக்க வேண்டும் என்று பூவம்மாளிடம் சொல்லி நர்மதாவை அழைத்துக்கொண்டு, ஜெனரேட்டர் இருக்கிற பின் கேட் வழியாக வெளியே வந்தேன். அது பொய். அதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நர்மதாவிடம் பொய் சொல்லவில்லை. "கலெக்டர் ஆபீசுக்குப் போலாமா? வேணாம்னு நீ சொன்னத அங்க சொல்லணும்" என்று கேட்டேன். "பஸ்ஸுலயா?" என்றாள். ஆமாம் என்றேன். "ஜன்னல் சீட்டு எனுக்கு" என்று சொல்லிவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள். யாரும் அவளை இழுத்துக்கொண்டு போகவில்லை.

பெரியபாளையம் வழியாகத் திருவள்ளூர் போனோம். வழியெல்லாம் எதிரில் வந்த பஸ்ஸுகளின் பேரைச் சொல்லிக்கொண்டே வந்தாள். பஸ் ஸ்டாண்டில் ஓட்டலுக்கு அழைத்துப் போனேன். "இன்னிக்கும் இட்லி நாஷ்டாவா? தோசை வாங்கிக் குடு சிஸ்டர்" என்றாள். வாங்கிக் கொடுத்தேன். ஆட்சியர் அலுவலகத்தில் டோக்கன் போட்டார்கள். எங்கள் எண் 214. நர்மதா அந்தச் சீட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். எண் 170 ஆனபோது பூவம்மாள் எங்கே தேடிக்கொண்டு அலைகிறாரோ என்று எனக்குத் தாங்கவில்லை. என் போனிலிருந்து நானே அவரைக் கூப்பிட்டு, பயப்படாதீர்கள், பெண் பத்திரமாக இருக்கிறாள், இன்ன இடத்தில் இருக்கிறோம் என்று சொன்னேன். அந்தப் புத்திசாலித்தனம்தான் எங்களைப் பிடித்துக் கொடுத்தது. ஆட்சியர் அலுவலகத்தில் காவலுக்கு இருந்தவர்களுக்குத் தகவல் போய், எண் 198 ஆனபோது எங்களை வரிசையிலிருந்து எழுப்பிவிட்டார்கள். இன்னும் பதினாறு பேர். என் வாயை நான் அடக்கியிருந்தால் பதினாறு பேர்தான்.

பிற்பகல் இரண்டு மணிக்கு எங்கள் இருவரையும் இந்த நிலையத்துக்கு அழைத்து வந்தார்கள். சந்திரமோகனைப் பார்த்ததும் நர்மதா, "அண்ணா வந்துகீது!" என்று ஓடிப்போய் அவரைக் கட்டிக்கொண்டு டோக்கன் சீட்டைக் காட்டினாள். அதைப் பார்த்து நீங்கள் எல்லோரும், பெண் வீட்டாரோடுதான் சந்தோஷமாக இருக்கிறாள் என்று முடிவு செய்து, அவளை அனுப்பிவிட்டீர்கள். ஐயா, அவளுக்கு அண்ணன் மேல் உயிர். அது வேறு, இது வேறு. அவளை உட்கார வைத்து ஒரு கேள்வி கேளுங்கள் என்று நான் கத்தினேன். உட்காரும்மா என்று என்னை உட்கார வைத்தீர்கள்.

டாக்டர் ஆதிகேசவனும் வந்திருந்தார். புகார் எழுதிக் கொடுத்துவிட்டுக் கிளம்பும்போது, இதோ இந்த மேஜைக்கு அருகில் நின்று, சந்திரமோகனிடம், "நாளைக்கு ஏழு மணிக்கு வெச்சிருக்கேன். வெறும் வயிறு. இந்தத் தடவை வேற நர்ஸ்" என்று சொன்னார். நானும் கேட்டேன், நீங்களும் கேட்டீர்கள், ரைட்டரும் கேட்டார். இதையும் எழுதச் சொல்கிறேன்.

நான் நர்மதாவைப் பொய் சொல்லி வெளியே அழைத்துப் போனது உண்மை. அதற்கு என்ன தண்டனையோ கொடுங்கள், வாங்கிக்கொள்கிறேன். வேலை போய்விட்டது. நர்ஸ் பதிவும் போகலாம். அதெல்லாம் பிறகு. எனக்கு இப்போது பயமாக இருக்கிறது. எடுத்துவிட்டால் எந்தக் கோர்ட்டும் திருப்பி வைக்க முடியாது. என் மாமனுக்கு யாரும் திருப்பித் தரவில்லை. கமலினி இன்னமும் காலண்டரைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

நான் எழுதிய மனு அந்த மஞ்சள் பையில், உங்கள் மேஜை மேல் இருக்கிறது. கூடவே டோக்கன் எண்ணும் எழுதியிருக்கிறேன். இன்று ஆறு மணிக்குள் அதை மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்துக்கு அனுப்பி வையுங்கள். வாட்ஸ்அப்பில் ஒரு படம் எடுத்து அனுப்பினாலும் போதும். மேலதிகாரியைக் கேட்க வேண்டும் என்று சொல்கிறீர்கள். கேளுங்கள். அவர் மீட்டிங்கில் இருக்கிறார் என்று சொல்கிறீர்கள். சரி. அதுவும் நடக்கவில்லை என்றால் ஒரே ஒரு உதவி செய்யுங்கள். சட்டம் தெரிந்தவர் தேவையில்லை, பெரிய உத்தரவு தேவையில்லை. நாளைக் காலை ஆறு மணிக்கு உங்கள் நிலையத்திலிருந்து ஒரு பெண் காவலரை அனுப்பி, நர்மதாவுக்கு இரண்டு இட்லி கொடுக்கச் சொல்லுங்கள். கொடுத்ததை ஷீட்டில் எழுதச் சொல்லுங்கள், எழுதாவிட்டால் அவள் உயிருக்கு ஆபத்து. அது ஒரு நாளைத் தள்ளிப்போடும். மறுநாள் விஷயத்தை மறுநாள் பார்த்துக்கொள்ளலாம். மிளகாய்ப் பொடி இருந்தால் கொஞ்சம் வைக்கச் சொல்லுங்கள்.

இதில் உள்ளதெல்லாம் நான் சொன்னது, நடந்தது. கூட்டவில்லை, குறைக்கவில்லை. சப்-இன்ஸ்பெக்டர் இதை எனக்கு முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை படித்துக் காட்டினார். இரண்டு இடத்தில் திருத்தம் சொன்னேன், திருத்தினார். கையெழுத்தா ரேகையா என்று என்னைக் கேட்டார். பேனா கொடுத்தார். வெள்ளிக்கிழமை நர்மதாவும் பேனாதான் கேட்டாள்.

(ஒப்பம்)
ஜெ. கிரேஸ்
திங்கட்கிழமை, மாலை 5.40